ஏரிக்கரையில் தம்பியைப் பார்க்க வந்தார்கள்

என் தம்பிக்குத் தோல் தொழிற்சாலையில் தரம் பிரிக்கிற வேலை. பதனிட்ட தோலை மேசைமேல் விரித்துப் போட்டுக் கட்டைவிரலால் அழுத்திப் பார்ப்பான். கழுத்துப் பக்கம் சுருக்கம், வயிற்றுப் பக்கம் தளர்ச்சி, உண்ணி கடித்த தழும்பு என்று ஒவ்வொன்றாகக் கண்டுபிடித்துத் தனித்தனியாக அடுக்குவான். குறை கண்டுபிடிப்பதற்கே சம்பளம் வாங்குகிறவன் பெண்ணிலும் குறை கண்டுபிடிக்கிறான், அதனால்தான் நாற்பது வயதாகியும் கல்யாணம் ஆகவில்லை என்று வாணியம்பாடியில் பேச்சு.

அது அநியாயமான பேச்சு. அவன் எந்தப் பெண்ணையும் ஒரு குறை சொன்னதில்லை. பெண் வீட்டுச் சாமான்களைத்தான் சொல்லிவிடுவான். ஒரு வீட்டில் ஷர்பத் வந்து முடிவதற்குள் சோபாவைத் தடவிப் பார்த்துவிட்டு, "தோல்னு சொல்லியா வித்தாங்க? அடடா" என்று பெண்ணைப் பெற்ற அத்தாவுக்கு அனுதாபம் தெரிவித்தான். அந்தச் சம்பந்தம் அந்த சோபாவிலேயே முடிந்துபோனது.

எங்கள் அம்மா இறந்தபோது அவன் ஆறாவது படித்துக்கொண்டிருந்தான். நான் கல்யாணமாகி அடுத்த தெருவில் இருந்தேன். புத்தகப் பையோடு என் வீட்டுக்கு வந்தவன் அப்படியே தங்கிவிட்டான். என் இரண்டு பெண்களையும் கட்டிக்கொடுத்து அனுப்பியாயிற்று, இவன் மட்டும் மாடி அறையில் இருக்கிறான். எங்களுக்குப் பிறகு இவனுக்கு ஒரு வாய் டீ கொடுக்க ஆள் வேண்டாமா என்ற கவலை எனக்கு. அதனால் செங்கத்துச் சம்பந்தம் வந்தபோது இதை விடவே கூடாது என்று முடிவு செய்துவிட்டேன்.

பெண் செங்கத்தில் ஒரு மருந்துக்கடையில் பார்மசிஸ்ட். முன்பு ஒரு கல்யாணம் நடந்து, சரிப்படாமல் பிரிந்து எட்டு வருஷம் ஆகிறது. அவளே எனக்குப் போன் செய்தாள்.

"அக்கா, நீங்க எங்க வூட்டுக்கு வந்து என்னப் பாக்கறது வாணாம். தட்டத் தூக்கிக்கினு வந்து நின்னதெல்லாம் போதும். இந்தவாட்டி நான்தான் அவரப் பாக்கணும். நடுவுல எங்கனா வாங்க, நானும் எங்க அத்தாவும் வர்றோம்."

வாணியம்பாடிக்கும் செங்கத்துக்கும் நடுவில் இருப்பது ஜவ்வாது மலை. அதன் மேலே ஜமுனாமரத்தூர் ஏரி. அங்கே என்று முடிவாயிற்று.

எங்கள் தாய்மாமாவுக்கு இது பிடிக்கவில்லை. "மாப்ளைய போய் பொண்ணு பாக்கறதா? ஊர்ல தெரிஞ்சா தலை காட்ட முடியுமா?" என்றார். ஊருக்குத் தெரியாமல் இருக்க அவரே ஒரு வழியும் கண்டுபிடித்தார். ஒடுகத்தூரைச் சேர்ந்த ஒருவர் வேன் வைத்து ஒரு நாள் மலைச் சுற்றுலா நடத்துகிறார். வழியில் எங்களையும் ஏற்றிக்கொள்வார். நாலு பேரோடு நாங்களும் சுற்றிப் பார்க்கப் போனதாக இருக்கும், ஏரிக்கரையில் எதேச்சையாகச் சந்தித்ததாக இருக்கும். என் வீட்டுக்காரருக்கு வேலை இருந்ததால் நான், தம்பி, மாமா என்று மூன்று பேர் கிளம்பினோம். எங்களைத் தவிர வேனில் இன்னும் இரண்டு குடும்பங்கள் இருந்தன, ஒன்று சென்னைப் பல்லாவரம்.

கிளம்பும் முன் தம்பியிடம் ஒன்றே ஒன்றுதான் சொன்னேன். "கைய பாக்கெட்டுக்குள்ளயே வெச்சிக்க."

வேன்காரர் ஐம்பது வயது மனிதர். கழுத்தில் சின்ன ஒலிபெருக்கி, கையில் மைக். அதை அவர் எங்கேயும் கழற்றவில்லை. ஆலங்காயம் தாண்டி மலை ஏற ஆரம்பித்ததும் அவருக்கு உற்சாகம் பிறந்துவிட்டது. வழியில் வந்த ஒவ்வொன்றும் தென்னிந்தியாவிலேயே முதலாவது அல்லது பெரியது. ஒரு வளைவில் வெறும் பாறை ஒன்றைக் காட்டி, "இந்தப் பாறையப் பாத்துக்குங்க" என்றார். எல்லோரும் பார்த்தோம். அதைப் பற்றி மேற்கொண்டு எதுவும் சொல்லவில்லை.

காவலூருக்கு அப்பால் ஓரிடத்தில் வேனை நிறுத்தி எல்லோரையும் இறங்கச் சொன்னார். சாலையோரம் ஒரு மாவட்ட எல்லைப் பலகை நின்றது.

"இதான் எல்லை! இந்தக் கால் திருப்பத்தூர் மாவட்டம், அந்தக் கால் திருவண்ணாமலை மாவட்டம். ஒரே நேரத்துல ரெண்டு மாவட்டத்துல நிக்கற பாக்கியம் எத்தினி பேருக்குக் கெடைக்கும்? ஒவ்வொருத்தரா வந்து நில்லுங்க, போட்டோ எடுக்கறேன்."

படித்தவர்கள், பல்லாவரத்தில் சொந்த வீடு இருப்பவர்கள் எல்லாம் வரிசையில் நின்று காலை அகட்டி வைத்துப் படம் எடுத்துக்கொண்டார்கள். நானும் எடுத்துக்கொண்டேன். மாமா மட்டும் இறங்கவில்லை. "நான் பொறந்தப்ப எல்லாமே வட ஆற்காடுதான். ஒரு பலகைய நட்டுட்டா வெளிநாடா?" என்று ஜன்னல் வழியாகச் சொன்னார்.

ஆனால் வேன் மறுபடி கிளம்பியதும் அவருக்கே அந்தப் பலகைமேல் மரியாதை வந்துவிட்டது. பிரயாணத்தில் இருப்பவர்கள் மதியத் தொழுகையான லுஹரை நாலு ரக்அத்திலிருந்து இரண்டாகச் சுருக்கிக்கொள்ள எங்கள் மார்க்கத்தில் சலுகை உண்டு.

"ஏம்மா, எல்லை தாண்டிட்டோம் இல்ல? இனிமே நாம பிரயாணிங்க. லுஹர் ரெண்டு ரக்அத் போதும்."

"அதுக்கு தூரம்தான் கணக்கு மாமா, பலகை இல்ல. நம்ம ஊர் இன்னா அவ்ளோ தூரத்துலயா இருக்குது?"

"இந்த வளைவையெல்லாம் நிமித்திப் போட்டுப் பாரு, தூரம் சரியா வரும்."

பள்ளிவாசல் ஹஜ்ரத்திடமே கேட்டுவிடுகிறேன் என்று போனை எடுத்து ஜன்னலுக்கு வெளியே கையை நீட்டி நீட்டிப் பார்த்தார். சிக்னல் கிடைக்கவில்லை. இவ்வளவு சட்டம் பேசியும் அவர் முகத்தில் ஒரு பதற்றம் இருந்தது. எனக்கும்தான். தம்பியோ கையைப் பாக்கெட்டில் வைத்தபடி தூங்கிக்கொண்டிருந்தான்.

ஏரி வந்தது. "மலைமேல ஒரு கடல்!" என்றார் வேன்காரர். எங்கள் ஊர்ப்பக்கத்து ஏரி இதைவிடப் பல மடங்கு பெரியது, தண்ணீர் மட்டும் இருக்காது. இதில் தண்ணீர் இருந்தது, மிதிபடகுகளும் இருந்தன. டிக்கெட் கொடுக்கும் இடத்துக்குப் பக்கத்தில் அவளும் அவளுடைய அத்தாவும் நின்றிருந்தார்கள்.

பெரியவர் அரசு பஸ்ஸில் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். கண் பார்வை மங்கிவிட்டது, மகள் கையைப் பிடித்துக்கொண்டுதான் நடந்தார். அவள் மெலிந்து உயரமாக, நேராகப் பார்த்துப் பேசுகிறவளாக இருந்தாள். எனக்குப் பார்த்தவுடன் பிடித்துவிட்டது. எதேச்சையாகச் சந்தித்ததற்கு ஏற்ற ஆச்சரியத்தோடு, "அட, நீங்களா!" என்றார் மாமா. இதுவரை அவர் அவர்களைப் பார்த்ததே இல்லை.

வேன்காரர் அவர்களையும் எங்கள் கூட்டத்தில் சேர்த்துப் படகு பிரித்தார். இரண்டிரண்டு பேராக ஏறச் சொன்னதில், பேச வேண்டிய இரண்டு பேரையும் பிரித்துவிட்டார். தம்பியும் பெரியவரும் ஒரு படகில், நானும் அவளும் ஒரு படகில். மாமா கரையிலேயே தொழுதுகொள்வதாகச் சொல்லிவிட்டார். நான்கு ரக்அத்தும் முழுசாகத் தொழுதார் என்று பிறகு தெரிந்தது.

படகில் அவள் சுற்றி வளைக்கவில்லை.

"அக்கா, அவரு கோவம் வந்தா இன்னா பண்ணுவாரு?"

தம்பிக்குக் கோபமே வராது என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். அவள் பார்த்த பார்வையில் அது வரவில்லை. "மாடிக்குப் போய் படுத்துக்குவான். சாப்பிடக் கூப்ட்டா வரமாட்டான். ரெண்டாவதுவாட்டி கூப்ட்டா வந்துடுவான்" என்றேன்.

"ரெண்டாவது வாட்டியே வந்துடுவாரா?"

"மீன் கொழம்புன்னா மொத வாட்டியே வந்துடுவான்."

அவள் சிரிக்காமல் தலையாட்டிக்கொண்டாள். மருந்துச் சீட்டைப் படிக்கும்போதும் இப்படித்தான் இருப்பாள்போல.

அந்தப் பக்கம் மற்ற படகு ஏரியின் நடுவில் வட்டமடித்துக்கொண்டிருந்தது. பெரியவர் வாழ்நாளில் வண்டியில் போனவரே தவிர ஓட்டியவர் இல்லை. சாய்ந்து உட்கார்ந்துகொண்டு, திருப்பும் கைப்பிடியை ஒரே பக்கமாக இறுக்கிப் பிடித்தபடி, "போலாம், ரைட்! ரைட்!" என்று குரல் கொடுத்துக்கொண்டிருந்தார். தம்பி வேர்த்து விறுவிறுத்து மிதித்தான். கைப்பிடியை விடுங்கள் என்று பெரியவரிடம் சொல்ல அவனுக்குக் கூச்சம். படகுக்காரர் விசிலடித்துக் கூப்பிடும் வரைக்கும் இரண்டு பேரும் அங்கேயே சுற்றிக்கொண்டிருந்தார்கள்.

கரையேறி, கொட்டகையில் சாமைச் சோறும் குழம்பும் சாப்பிட்டோம். அரிசி இல்லையா என்று முகம் சுளித்த மாமா இரண்டாவது தடவையும் வாங்கிச் சாப்பிட்டார். தம்பியும் அவளும் எதிரெதிரே உட்கார்ந்திருந்தார்கள். அவன் தட்டைப் பார்த்தே சாப்பிட்டான். அவள் ஏதோ கேட்க வாயெடுத்த நேரத்தில் மைக் கரகரத்தது.

"அன்பார்ந்த பயணிகளே! இன்னிக்கு நம்ம டூர்ல ஒரு விசேஷம். நம்ம பாய் வூட்டு மாப்ளையப் பாக்க, செங்கத்துலேர்ந்து பொண்ணு வந்துகீறாங்க! எல்லாரும் ஒருதபா ஜோரா கை தட்டுங்க!"

எல்லோரும் கை தட்டினார்கள். பக்கத்துக் கொட்டகையில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்களும் எழுந்து நின்று தட்டினார்கள். பல்லாவரத்து அம்மா வந்து, கல்யாணம் எந்த மாசம் என்று விசாரித்தார். நான் மாமாவைப் பார்த்தேன். மாமா ஒரு மரத்தைப் பார்த்தார். ஏரியில் கொஞ்சம் அதிக நேரம் நிறுத்துங்கள், விஷயம் இப்படி, யாருக்கும் சொல்லாதீர்கள் என்று வேன்காரரின் காதில் அவர்தான் போட்டிருக்கிறார்.

அவள் முகம் இறுகிவிட்டது. யாரும் வேடிக்கை பார்க்கக் கூடாது என்றுதானே மலைமேல் வரச் சொன்னாள்? ஒரு வீட்டின் நாலு சுவருக்குள் நடக்க வேண்டியதை ஒரு கொட்டகை நிறைய ஜனங்களுக்கு முன்னால் நடத்திவிட்டோம். எனக்கு அழுகையும் ஆத்திரமும் வந்தது. மைக்கைப் பிடுங்கி ஏரியில் எறிந்திருப்பேன், கையில் குழம்பு.

இந்தக் கலவரத்தில் தம்பியைக் கவனிக்காமல் விட்டுவிட்டேன். சங்கடம் வந்தால் அவனுடைய கைகள் வேலை தேடும். பெஞ்சின்மேல் அவளுடைய கைப்பை இருந்தது. கட்டைவிரல் அதன்மேல் போய்விட்டது. அழுத்தினான். ஓரத்தை மடித்துப் பார்த்தான். அதோடு விட்டானா, தூக்கி முகர்ந்தும் பார்த்தான். பெண்ணின் அத்தாவுக்கு எதிரிலேயே! அவருக்குக் கண் சரியாகத் தெரியாமல் போனதற்கு அந்த ஒரு நிமிஷம் நான் நன்றி சொன்னேன்.

"இது தோல் இல்லைங்க. ரெக்சின்" என்றான்.

நான் இருமினேன். காலால் அவன் காலைத் தேடினேன், மாமாவின் கால்தான் கிடைத்தது.

அவள் மெதுவாகச் சொன்னாள். "இத்தாலி தோல்னு சொன்னாங்க. நிச்சயத்தப்போ மாமியார் வூட்ல குடுத்தது."

எந்த மாமியார் வீடு என்று எல்லோருக்கும் புரிந்தது. வேறு எந்த மனிதனாக இருந்தாலும் இங்கே, நான் சரியாகப் பார்க்கவில்லை, இத்தாலியாகவும் இருக்கலாம் என்று சமாளித்திருப்பான். தம்பி மறுபடி ஒரு தடவை அழுத்திப் பார்த்தான்.

"இல்லைங்க. மெட்ராஸ் பெரியமேட்டுக் கடையில தொங்கும். ஆனா தையல் நல்ல தையல்."

அவள் அந்தத் தையலைப் பார்த்தாள். பிறகு அவள் சிரித்தாள். வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்க, கண்ணில் தண்ணீர் வரும் வரைக்கும் சிரித்தாள்.

"மழை வந்தா துப்பட்டாவுக்குள்ள வெச்சி எடுத்துக்கினு போவேன் அக்கா. நான் நனைவேன், இத நனைய விட்டதே இல்ல. அவங்க சொன்னதுல இதாவது நெசம்னு நெனச்சிக்கினு இருந்தேன்."

தம்பி பையைப் பதமாக அவள் பக்கம் நகர்த்தி வைத்துவிட்டு, "மழையில நனைஞ்சா இதுக்கு ஒண்ணும் ஆவாதுங்க" என்றான்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னிடம் திரும்பினாள். "எனக்குச் சம்மதம் அக்கா. ஆனா ஒண்ணு. அத்தாவத் தனியா வுட்டுட்டு நான் வர முடியாது. உங்க தம்பிதான் செங்கத்துக்கு வரணும்."

மாமா எழுந்தேவிட்டார். "வூட்டோட மாப்ளையா? நம்ம குடும்பத்துல அந்த மாதிரி…" அவர் முடிப்பதற்குள் தம்பி பெரியவரிடம் கேட்டான். "செங்கத்துலேர்ந்து காலையில மொத பஸ் எப்பங்க?"

இதற்காகவே வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர்போல பெரியவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "விடியறதுக்கு முன்னாடியே ஒரு வண்டி கீது தம்பி. திருப்பத்தூர்ல எறங்கினா எதுக்கவே வாணியம்பாடி வண்டி நிக்கும். ஜன்னல் ஓரமா இடம் புடிச்சிட்டீங்கன்னா தூங்கிக்கினே போலாம்."

"அப்ப சரிங்க" என்றான் தம்பி. என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை.

மறுபடியும் கை தட்டல் எழுந்தது. இந்தத் தடவை மைக்கே தேவைப்படவில்லை.

வேன் இறங்கும்போது மாமா முன் சீட்டில் கோபமாக உட்கார்ந்திருந்தார். நான் தம்பிக்குப் பக்கத்தில் இருந்தேன். நினைத்தது நடந்துவிட்டது, சந்தோஷமாக இருக்க வேண்டும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மாடி அறையில் அவனுடைய கட்டில் போகும், அலமாரி போகும், அங்கே இனி நெல்லிக்காய் காய வைக்கலாம் என்று கணக்குப் போட்டேன். காலையில் டீயில் சர்க்கரை பத்தவில்லை என்று யார் என்னோடு சண்டை போடுவார்கள் என்ற இடத்தில் கணக்கு நின்றுவிட்டது. இரண்டு பெண்களைக் கட்டிக்கொடுத்தபோது அழுதிருக்கிறேன், அதற்கு முறை இருக்கிறது, கூட அழப் பத்துப் பேர் இருந்தார்கள். தம்பியைக் கட்டிக்கொடுத்துவிட்டு அழும் அக்காவை எங்கள் ஊரில் நான் பார்த்ததில்லை. முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டும் சத்தம் வெளியே வந்துவிட்டது.

கண்ணாடியில் பார்த்த வேன்காரர் மைக்கை எடுத்தார். "இன்னாக்கா, அழுவுறீங்களா?"

வேனில் எல்லாத் தலைகளும் திரும்பின.

"அழுவலண்ணா. எங்க அக்காவுக்கு மலை எறங்கினா வாந்தி வரும். ஒரு கவர் குடுங்க" என்றான் தம்பி.

வண்டியில் எனக்கு ஒருநாளும் வாந்தி வந்ததில்லை. அது அவனுக்கு நன்றாகவே தெரியும். கவர் கை மாறிக் கை மாறி வந்தது. அதை வாங்கிப் பிரித்து என் முகத்துக்கு நேராகப் பிடித்துக்கொண்டு, மற்ற கையால் என் முதுகைத் தடவிக்கொடுத்தான். ஆலங்காயம் வரைக்கும் நான் அந்தக் கவருக்குள் அழுதுகொண்டு வந்தேன்.