இரண்டு பஞ்சாங்கத்தில் போன பின்கட்டு

ஸ்ரீராம்புரம் வீட்டின் பின்கட்டு என் அப்பாவின் பங்கு என்று தீர்ப்பாகிவிட்டது. அதை எனக்கு ஒப்படைக்கும்வரை வேறு யாரையும் குடிவைக்கக் கூடாது என்று பெரியப்பா மகனுக்குத் தடையும் போட்டிருந்தார்கள். பெரியப்பா மகன் என்றாலும் கூப்பிடுவது அண்ணன் என்றுதான்.

கோர்ட் அமீன் வாரண்டோடு முதலில் வந்தது ஒரு செவ்வாய்க்கிழமை. பூட்டு உடைக்கும் ஆளும் கூட வந்திருந்தான். அண்ணி வாசலை மறித்தாள்.

"ஆஷாடத்துல வீட்டைக் காலி பண்ணச் சொல்றீங்களே, உங்க வீட்ல செய்வீங்களா சார்?"

அமீன் கன்னடக்காரர். ஆஷாடம் அவர்களுக்கு நம் ஆடிபோல ஆகாத மாதம். தயங்கி என்னைப் பார்த்தார். அவகாசம் தர எனக்கு ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

கன்னட ஆஷாடம் முடிந்ததும் போனேன். அண்ணன் சிரித்தான். "அது அவங்களுக்கு. நமக்கு ஆடி பாதிகூட ஆகலையேடா. ரெண்டு பஞ்சாங்கம் வாங்கி மாட்டி வச்சிருக்கியே, பார்க்க மாட்டியா?"

பார்த்தேன். அவன் சொன்னது சரிதான். நாள் கணக்கு சரியாக இருந்தால் நான் ஒத்துக்கொண்டுவிடுவேன். அதற்கும் கையெழுத்துப் போட்டேன்.

ஆவணி பிறந்தது. புது வாரண்டோடு அமீனை அழைத்துப் போனேன். பின்கட்டு வாசலில் புது மாவிலைத் தோரணம். உள்ளே ஒரு கன்னடக் குடும்பம்.

"ஆள் இருக்காங்க. இனி அவங்ககிட்ட பேசிக்கோ" என்றான் அண்ணன்.

அந்த அம்மாவிடம் எப்போது வந்தீர்கள் என்று கேட்டேன்.

"ஆஷாடம் முடிஞ்சு ஷ்ராவணம் முதல் வெள்ளிக்கிழமை பால் காய்ச்சினோம் சார். ரொம்ப நல்ல நாள்னு இவரேதான் பார்த்துக் கொடுத்தார்." அண்ணனைக் கைகாட்டினாள்.

இரண்டு பஞ்சாங்க நாளும் குறித்து வைத்திருந்த என் நோட்டைப் புரட்டினேன். அந்த வெள்ளி ஆடிக்குள்தான் வந்தது. அவர்களுக்கு நல்ல மாதம். எனக்கு மட்டும் ஆகாத மாதம். தடை போட்டதோ அதற்கும் வெகு முன்னால். அந்த அம்மா சொன்னதை அப்படியே எழுதிக்கொள்ளும்படி அமீனிடம் சொன்னேன்.

அவர் எழுத எழுத அண்ணன் முகம் வெளுத்தது. "கோர்ட்டை மதிக்கலைன்னு என்னை உள்ள தள்ளுவியா? ஒரே ரத்தம்டா."

"தள்ளுவேன். நல்ல நாள் நீயே பார்த்துச் சொல்லுண்ணா. ஆனா ஒரே பஞ்சாங்கத்துல."

அமீன் நீட்டிய தாளில் அவன் கையெழுத்துப் போடவில்லை. நான் போட்டேன். அன்றும் சாவி இல்லாமல்தான் திரும்பினேன். அவன்மேல் மனு போட மறுநாளே வக்கீலிடம் போனேன். நாள் பார்க்கவில்லை.