திங்கட்கிழமை உடையும் ஏரி

பெரம்பலூரில் திருச்சி பஸ் ஏறியதும் தேவசகாயம் மடியிலுள்ள பெட்டியைத் திறந்து, கம்ப்யூட்டர் படிக்கும் துளையிட்ட அட்டைகளை வரிசை பார்த்து அடுக்குவார். அறுநூற்றுப் பன்னிரண்டு அட்டைகள். ஒன்று இடம் மாறினாலும் கம்ப்யூட்டர் கையை விரித்துவிடும். பக்கத்து சீட்காரர் எட்டிப் பார்த்து என்னவென்று கேட்பார். "எங்கூரு ஏரிங்க," என்பார் இவர்.

பொய்யில்லை. கல்லூரியில் கணக்கு நடத்தும் இந்த நாற்பத்தாறு வயதுக்காரர், ஐந்து வருஷமாகப் பகுதி நேர ஆராய்ச்சி மாணவர். ஊர் ஏரியைக் கம்ப்யூட்டருக்குள் எண்களால் கட்டி, நாற்பது வருஷக் கற்பனை மழையைப் பெய்யவிட்டு, கரை எப்போது உடையும் என்று பார்க்கக் கற்றுக்கொண்டிருந்தார். "நெசமா ஒடையறதுக்கு முன்னால காயிதத்துல ஒடைஞ்சா நல்லதுதானுங்களே?"

கம்ப்யூட்டரை அவர் தொட்டதில்லை. சனிக்கிழமை திருச்சியில் கம்ப்யூட்டர் அறைக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று பெட்டியை நீட்டுவார். அடுத்த சனிக்கிழமை காகிதம் வரும். பெரும்பாலும் பிழைப் பட்டியல்தான். ஒரு காற்புள்ளி விட்டுப்போனால் ஒரு வாரம் போச்சு. மனிதர் கோபப்பட மாட்டார். பஸ்ஸிலேயே திருத்தத் தொடங்கிவிடுவார்.

இந்த ஆடியில் முதன்முறையாகப் பிழையில்லாமல் ஓடியது. ஏரி பதினோரு தடவை உடைந்தது. பதினொன்றும் திங்கட்கிழமை. நாற்பது வருஷத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமைகூடத் தூறல் இல்லை. ஊரின் பன்னிரண்டு வருஷ மழைப் பதிவேட்டிலிருந்து வாரம் வாரமாக எடுத்துக் கலைத்துப் போட்டதுதான் அந்தக் கற்பனை மழை. ஊரில் தினமும் மழையை அளந்து பதிவேட்டை எழுதும் பிச்சைமுத்துவிடம் ஓடினார்.

"ஞாயித்துக்கெழமை ஏலாக்குறிச்சி மாதா கோயிலுக்குப் போயிடுவேங்க சார். திங்கக்கெழமை வந்து ரெண்டு நாள் தண்ணியையும் சேத்து அளந்து எழுதிடுவேன். மொத்தத்துல ஒரு பொட்டுகூடக் கொறையாதுங்க."

எப்படித் திட்டுவார்? ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு முன்வரிசையில் நிற்பவர் இவரும்தானே. இது நமக்கு உறைக்கவில்லையே என்று தம்மையே நொந்துகொண்டார்.

இவரது ஆராய்ச்சியை மேற்பார்க்கும் திருச்சிப் பேராசிரியர் ஒரு வழி சொன்னார்: திங்கட்கிழமைக் கணக்கை இரண்டு நாளாகப் பிரித்து மறுபடி ஓட்டலாம். ஆனால் இவரிடமுள்ள நகல், மூலப் பதிவேட்டோடு வரிக்கு வரி ஒத்துப்போகிறது என்று பதிவேட்டுக்குப் பொறுப்பான அதிகாரி கையெழுத்திட வேண்டும். மார்ச்சோடு ஆராய்ச்சிக்கான கெடு முடிகிறது. அதற்குமேல் நீட்டிப்பு கிடையாது.

"ரெண்டு நாளாப் பிரிச்சாத்தான் உருப்படும், பிச்சைமுத்து. நோட்டையெல்லாம் எடுத்து வைங்க, புதன்கெழமை அதிகாரியக் கூட்டிட்டு வரேன்," என்று சொல்லிவிட்டு வந்தார்.

புதன்கிழமை அதிகாரி ஜீப்பிலிருந்து இறங்குவதற்குள் பிச்சைமுத்து சிரித்துக்கொண்டே எதிரே வந்தார். "நீங்க எதுக்கு சார் செரமப்படணும்? நானும் எம் பொஞ்சாதியும் மூணு நாளா உக்காந்து, பழசைப் பிளேடால சொரண்டிட்டு, பன்னெண்டு வருசத்தையும் பாதி பாதியாப் பிரிச்சு எழுதிட்டோம். இன்னும் ஒரே ஒரு பக்கந்தான் பாக்கி."

உதவி செய்யப் போய் உலை வைத்தாயிற்று. நகலில் உள்ள எண்கள் இனி எந்தப் பதிவேட்டிலும் இல்லை; அதிகாரி கையெழுத்திட வழியில்லை. ஐந்து வருஷமும் போயிற்று. அந்தச் சிரிப்பு மட்டும் இன்னும் மாறவில்லை.

பிச்சைமுத்துவின் கையில் பேனா திறந்தபடியே இருந்தது. தேவசகாயம் அதை வாங்கினார். மூடியைத் திருகி மூடி, பிச்சைமுத்துவின் சட்டைப் பையிலேயே செருகிவிட்டார்.