கண் படாத அடுப்படி

சுவரில் கரி ஏற்ற அவர் மெழுகுவத்திதான் கேட்டார். பெயின்டர் கறுப்பு மை கரைத்துக்கொண்டு வந்து நின்றும் வேண்டாமென்று தலையசைத்துவிட்டு, ஏணியில் ஏறி, அடுப்புக்கு மேலே புகை படிந்த தடத்தைத் தானே கொஞ்சம் கொஞ்சமாகப் படியவிட்டார். எழுபதை நெருங்கியவர். கீழே ஏணியைப் பிடித்திருந்த எனக்குத்தான் கழுத்து வலித்தது.

ருமேனியாக்காரர். எங்கள் யூனிட்டில் எல்லோருக்கும் ‘ஆர்ட் அம்மா’. வெளிநாட்டில் நடக்கிற கதையை ஒரகடத்திலேயே எடுத்துவிடலாம் என்று எங்கள் தயாரிப்பாளருக்கு யோசனை உதித்து, வடக்குப்பட்டுப் பக்கம் மூடிக் கிடந்த ஒரு தொழிற்சாலை ஷெட்டைப் பிடித்து, அவரை வரவழைத்தார். தன் நாட்டுப் படங்களுக்கு அரண்மனை, சிறைச்சாலை, போர்க்களம் எல்லாம் கட்டிக் காட்டியவர் அவர். நான் கலைத்துறை உதவியாளன். ஆங்கிலம் கொஞ்சம் வரும் என்பதால் அவருக்கு வாயும் காதும் நான்தான்.

கதையில் ஒரு கிழவியின் அடுப்படி வந்தது. அதற்குத் தன் அம்மாவின் அடுப்படியையே கட்டினார். அவர் சினிமாவில் சேர்ந்த புதிதில், பெரிய சாலை போடுவதற்காக அரசாங்கம் அவர்கள் தெருவையே இடித்துவிட்டதாம். ஒரு புகைப்படம்கூட மிஞ்சவில்லை. யார் யார் வீட்டையோ கட்டியாயிற்று, இது ஒன்று படத்தில் ஏறிவிட்டால் போதும், அதோடு வேலையை விட்டுவிடுவேன் என்று டீ குடிக்கும்போதெல்லாம் சொல்வார். நான் படம் பிடிக்கச் செல்போனை எடுத்தால் மட்டும் கையால் மறிப்பார். முதலில் கேமரா பார்க்கட்டும் என்பார்.

சினிமாவில் படப்பிடிப்பு முடிந்தால் பூசணிக்காய் உடைப்பது வழக்கம். பூசணிக்காய் உடைந்ததும் வந்து செட்டைப் பிரியுங்கள் என்று மேனேஜர் ஆட்களிடம் முன்பே சொல்லி வைத்திருந்தார். ஷெட்டில் அடுப்படிக் காட்சி மட்டும் பாக்கி. மறுநாள் காலை எடுப்பதாக இருந்தது. அன்று நாங்கள் எல்லோரும் தண்டலத்துக்குச் சாலைக் காட்சி எடுக்கப் போயிருந்தோம். அன்றைக்கென்று பார்த்து அமாவாசை.

மத்தியானம் திரும்பியபோது ஷெட் வாசலில் குங்குமம் தடவிய பூசணிக்காய் சிதறிக் கிடந்தது. உள்ளே அடுப்படிச் சுவர் பலகை பலகையாகப் பிரிந்து லாரியில் ஏறிக்கொண்டிருந்தது. கரித் தடம் பிளாஸ்டரோடு உதிர்ந்து தரையெல்லாம் மிதிபட்டுக் கிடந்தது.

“பூசணிக்கா ஒடச்சிக் கீதே சார். ஷூட்டிங் முடிஞ்சிதுன்னுதான் கை வச்சோம்” என்றார் மேஸ்திரி.

உடைத்தவர் வாட்ச்மேன் பெரியவர். இந்தப் பக்கத்துக் கம்பெனி கேட்டுகளில் அமாவாசைக்கு அமாவாசை திருஷ்டி கழிப்பார்களே, அதுபோல் அவராகவே ஒன்று வாங்கி வந்து சுற்றி உடைத்திருக்கிறார். விஷயம் தெரிந்ததும் அப்படியே உட்கார்ந்து அழ ஆரம்பித்துவிட்டார்.

“அந்தம்மா அவ்ளோ அழகா கட்டிக்கீது. யார் கண்ணும் படக் கூடாதுன்னுதான் சார் ஒடச்சேன்.”

அவர் ஏன் அழுகிறார் என்று ஆர்ட் அம்மா கேட்டார். சொன்னேன். அவர் லாரியைப் பார்த்தார். பிறகு பெரியவரின் தோளில் கை வைத்து, ஆங்கிலத்தில், “அவருடைய வேண்டுதல் பலித்துவிட்டது என்று சொல். இனி இதன்மேல் யார் கண்ணும் படாது” என்றார். வாய் ஓயாமல் மொழிபெயர்க்கிற நான் அதை மட்டும் பெரியவருக்கு மொழிபெயர்க்கவில்லை.

கிழவியாக நடித்தவருக்கு மறுநாளோடு கால்ஷீட் முடிந்தது. திரும்பக் கட்ட வழியில்லை. காட்சியை ஆஸ்பத்திரி வராந்தாவுக்கு மாற்றி எடுத்தார்கள். ஆர்ட் அம்மா ஊருக்குப் போனார். அதன்பின் எந்தப் படத்துக்கும் அவர் வேலை செய்யவில்லை. போன வருடம் இறந்துபோனதாக அவர் மகள் போனில் சொன்னபோது, படத்தில் பாட்டியின் அடுப்படி எந்த இடத்தில் வருகிறது என்றும் கேட்டார். வரவில்லை என்றேன்.

ஷெட்டில் இப்போது கார் சீட்டுகளை அடுக்கி வைத்திருக்கிறார்கள். பெரியவர் அதே கேட்டில்தான் இருக்கிறார். அந்த வழியாகப் போனால் நிறுத்தி வைத்துக் கேட்பார்.

“அன்னிக்கு அந்தம்மா என்னாண்ட இன்னா சார் சொல்லிச்சி?”

“கோவம் இல்லன்னு சொன்னாங்க, பெரியவரே.”

ஒவ்வொரு முறையும் அவர் இரண்டு கையையும் தூக்கிக் கும்பிடுகிறார்.