பலகையில் ஏறிய தளபதி

வரலாற்றில் எம்.ஏ. படித்துவிட்டு சவூதியில் ஜுபைலில் சாரம் கட்டுகிற ஆட்களுக்கு சூப்பர்வைசராக இருந்தவன் வேறு என்ன செய்வான்? கேம்பிலிருந்து பிளான்ட்டுக்குப் போகும் ஒரு மணி நேரமும் பஸ்ஸில் கதை சொல்வேன்.

பிளான்ட்டை நிறுத்திப் பழுது பார்க்கும் அந்த ஷட்டவுன் மாதத்தில் ஒரு பைசாந்தியத் தளபதியின் கதை. கான்ஸ்டாண்டினோபிளில் பேரரசர்கள் ஆண்ட காலம். பெரிய பிரபு வீட்டுப் பிள்ளை. எல்லையில் சண்டை போட்டுப் பெயர் வாங்கி, ஒரு மாகாணத்துக்கே அதிகாரியானவர். தலைநகரத்தின் மேல் கடுப்பில் இருந்த வீரர்கள் ஒருநாள் அவரைக் கேடயத்தின் மேல் ஏற்றித் தூக்கி, இனி நீங்கள்தான் பேரரசர் என்று கத்தினார்கள். அது அவர்கள் வழக்கம். "அவரு வேணாம்னாரு, யாரும் விடலை" என்று நான் சொல்லும்போது பிளான்ட் கேட் வந்துவிட்டது. மீதி நாளைக்கு என்று இறங்கினேன். பாதிக் கதையை இவர்களிடம் விட்டுவைத்தது என் புத்தி.

அன்று மதியமே ஷட்டவுன் வேலை முடிந்தது. மேனேஜர் பார்க்க வந்திருந்தார். என் ஆட்கள் ஒரு சாரப்பலகையைக் கொண்டுவந்து, என்னை அதில் நிறுத்தி, தோளுக்குத் தூக்கிவிட்டார்கள். "இனிமே எங்க அண்ணன்தான் சைட் இன்சார்ஜ்! யல்லா!" என்று கத்தினான் ராமநாதபுரத்துக்காரன் ஒருவன். அப்போது சைட் இன்சார்ஜாக இருந்தவர் மேனேஜருடைய மைத்துனர். மேனேஜர் சிரித்தபடி கைதட்டினார். கதையின் மீதி அங்கே எனக்கு மட்டும்தான் தெரியும்: அந்தத் தளபதி தோற்றார். பிடித்துக்கொண்டு போய்க் கண்களைக் குருடாக்கினார்கள்.

இக்காமா புதுப்பிக்க இரண்டு வாரம் இருந்தது. அந்த அட்டை இல்லாவிட்டால் இங்கே ஒரு நாள்கூட இருக்க முடியாது. நாற்பத்தொன்பது வயதில் ஊருக்குப் போய் எந்த வேலைக்கு மனுப்போடுவது? போன் அடித்தாலே ஆபீஸ் நம்பரா என்று பார்த்தேன். தலைவலி என்று சொல்லி பஸ்ஸில் வாயே திறக்கவில்லை. பயல்கள் வேறு, தூக்கியபோது எடுத்த வீடியோவை எல்லா கேம்புக்கும் அனுப்பிக்கொண்டிருந்தார்கள், பெருமையாக.

மூன்றாம் நாள் ஆபீசுக்குக் கூப்பிட்டார்கள். மேனேஜர் சாய் கொடுத்தார். உன் ஆட்களுக்கு உன் மேல் ரொம்பப் பிரியம் பாய், என்றார் இந்தியில். அவர் குரலில் கோபமே இல்லை. அதுதான் இன்னும் பயமாக இருந்தது. பிறகு ஒரு தாளை நகர்த்தினார். எக்ஸிட் அடித்திருந்தார்கள்: வேலை போய்விட்டது, நாட்டை விட்டே கிளம்ப வேண்டும். கலாஸ், முடிந்தது.

யாரிடமும் சொல்லவில்லை. மறுநாள் ஒப்படைக்க வேண்டியதை ஒப்படைக்க, கடைசியாக அதே பஸ்ஸில் ஏறினேன். ராமநாதபுரத்துக்காரன் முன் சீட்டிலிருந்து திரும்பினான்.

"அண்ணே, தலைவலி விட்டுச்சா? அந்தத் தளபதி கதைய பாதியில விட்டுட்டீகளே. கடைசில ராசா ஆனாரா, இல்லையா?"

எல்லா முகமும் என்னைப் பார்த்தது. தாள் சட்டைப்பைக்குள் இருந்தது.

"ஆனாருப்பா" என்றேன்.

பஸ் முழுக்கக் கைதட்டினார்கள்.