உட்காரும் குன்று

ஒருவர் ஒரு நாட்டையே கற்பனை செய்து வரைகிறார். அதைப் பார்த்தவர்கள் எல்லாரும் ‘இது நம்ம ஊருதானே’ என்று சொல்லிவிட்டால், அவர் செய்தது கற்பனையா, வெறும் ஞாபகமா? நவோமிக்கு இந்தக் கேள்வி ஒரு கல்யாண மண்டபத்தின் வாசலில், கையில் கைபேசியோடு நின்றிருந்தபோது வந்தது.

புக்கிட் மெர்தாஜாம் ஊரில் குணாளன் நடத்தும் அச்சுக்கடையில் அவளுக்கு வேலை. கல்யாணப் பத்திரிகையின் பின்பக்கத்தில் மண்டபத்துக்கு வழி காட்டும் படம் ஒன்று இருக்கும். அதை வரைகிறவள் அவள்தான். கைபேசியே வழி சொல்லும் காலத்தில் அது யாருக்கு வேண்டும் என்று கேட்கலாம். யாருக்கும் வேண்டாம்தான். ஆனால் பின்பக்கம் வெறுமையாக இருந்தால் கல்யாணத்தில் ஏதோ குறைவது போல இருக்கிறது என்று பெண்வீட்டார் கேட்டு வாங்குகிறார்கள்.

அந்தப் படங்களுக்கு ஒரு தனி நியாயம் உண்டு. எந்தச் சாலையும் வளையாது. அரை மணி நேரப் பயணம் ஒரு விரல் அகலத்துக்குள் அடங்கும். பெட்ரோல் நிலையம் தேவாலயத்தைவிடப் பெரிதாக இருக்கும். எங்கே இடம் மிஞ்சுகிறதோ அங்கே கடல் போய் உட்கார்ந்துகொள்ளும். உலகத்தில் இருக்கிற எல்லாச் சாலையும் ஒரே ஒரு சாப்பாட்டுக் கூடத்தில் போய் முடியும். வருடக்கணக்கில் இதை வரைந்து வந்தவளுக்கு ஒருநாள் ஒரு யோசனை தோன்றியது. இதெல்லாம் பொய்யாக இல்லாமல் உண்மையாகவே இருக்கிற ஒரு நாடு இருந்தால் எப்படி இருக்கும்?

மதியச் சாப்பாட்டு நேரங்களில் அதை வரையத் தொடங்கினாள். நாட்டின் பெயர் ‘பக்கந்தான்’. வழி கேட்கிறவர்களுக்கு நம்மவர்கள் சொல்லும் பதிலையே நாட்டுக்கு வைத்துவிட்டாள். அங்கே ஒருவழிக் கடல் என்று ஒன்று உண்டு. அதைத் தாண்டிப் போகக் கட்டணம், திரும்பி வர இலவசம். அதனால் திரும்பி வருவது பயணமாகுமா ஆகாதா என்று அந்நாட்டு அறிஞர்கள் இன்னும் முடிவு செய்யவில்லை. ராத்திரியோடு ராத்திரியாக இடம் மாறி நிற்கும் பெட்டிமலைகள் உண்டு. பிரிந்துபோகும் சாலையைத் தவறவிட்டுச் சுற்றிச் சுற்றி வந்தவர்கள் கடைசியில் அங்கேயே வீடு கட்டிப் பிள்ளை பெற்று வாழும் வட்டபுரி உண்டு. மூன்று குழம்பாறுகள் ஒன்றோடொன்று கலக்கும் முகத்துவாரம் உண்டு. பெரிய மனிதர் யாராவது வந்தால் மட்டும் மேகத்தைக் கழற்றிவிட்டுத் தலைகாட்டும் தொப்பிமலை உண்டு. அதன் அடியில் பந்தி ஓயாத அரண்மனை. அரண்மனைக்குக் கொஞ்சம் தள்ளி, களைத்துப்போனால் காலை நீட்டி உட்கார்ந்துவிடும் ஒரு சின்னக் குன்று.

எல்லாமே பிரமாதம் என்று சொல்ல முடியாது. தொப்பிமலை கொஞ்சம் சுமார்தான். ஆனால் யாரும் கேட்காமல், யாருக்கும் வழிகாட்டாமல் நவோமி செய்த ஒரே காரியம் அது. அவள் பார்வையில், அது அவளுக்கே சொந்தமான நாடு.

தாள் அளவு சரியாக இருக்கட்டும் என்று பழைய கோப்பு ஒன்றைத் திறந்து, அதிலிருந்த சாலைகளை எல்லாம் அழித்துவிட்டுத்தான் தொடங்கியிருந்தாள். கோப்பின் பெயரை மாற்ற மறந்துபோனாள். அது கடல் பாலம் தாண்டி, தீவில் உள்ள ஜார்ஜ் டவுனில் மலையடிவாரத்தில் இருக்கும் ஒரு மண்டபத்தின் பெயர்.

ஆடி மாதம். ஆவணிக் கல்யாணப் பத்திரிகைகள் அச்சுக்குக் குவிந்திருந்தன. புனித அன்னாள் திருவிழாவுக்காக நவோமி விடுப்பில் இருந்த நாளில், பாகான் டாலாம் ஊர்க்காரர் தயாளனின் மகள் கல்யாணப் பத்திரிகையைக் குணாளன் தானே முடித்து அச்சுக்கு அனுப்பினார். அதே மண்டபம்தான், அதன் பெயரில் கோப்பு இருந்தது. பார்க்காமலே எடுத்துப் போட்டுவிட்டார்.

தட்டில் வைத்து வீடுவீடாகப் பத்திரிகை கொடுத்து முடிக்கும்வரை யாரும் பின்பக்கத்தைத் திருப்பிப் பார்க்கவில்லை. அதற்குப் பிறகு தயாளன் கடைக்கு வந்தார். துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவர், குரலும் அதற்கேற்றபடி இருக்கும்.

“குணா, என்னாய்யா இது? மண்டபம் எங்கய்யா? குழம்பாறுன்னு போட்டிருக்கு! என் மக கல்யாணத்துக்கு வர்றவன் ஆத்துல எறங்கியா சாப்புடுவான்?”

“அண்ணே, கோவிச்சுக்காதீங்க. வாட்சப்புல லொக்கேஷன் அனுப்பிரலாம்லா.”

“எங்க வீட்டுப் பெருசுங்க வாட்சப்புல காலை வணக்கம் மட்டுந்தான்யா அனுப்பும். லொக்கேஷன அமுக்குனா என்னா ஆவும்னு பயந்துக்கிட்டு கெடக்குதுங்க.”

குணாளன் நவோமியைத் திரும்பிப் பார்த்தார். தயாளனும் பார்த்தார்.

“நீ வரைஞ்சதா மா இது? அப்ப கல்யாணத்தன்னிக்கி நீயே மண்டப வாசல்ல நில்லு. வழி தெரியாம எவனாச்சும் ஃபோன் அடிச்சா நீதான் பதில் சொல்லணும்.”

அவர் போனதும் குணாளன் மெல்லச் சொன்னார்: “ஒரு ஆளு வந்து சேரலன்னாலும் மறுநாளு வேலைக்கு வந்துறாத, நவோமி.” சிரித்துக்கொண்டேதான் சொன்னார். ஆனால் அந்தச் சிரிப்பை நம்பி இருந்துவிட முடியாது.

கல்யாணத்தன்று அவள் வாசலில் நின்றாள். பத்திரிகை வாங்கியவர்களுக்கெல்லாம் அவளுடைய எண்ணைச் சொல்லியிருந்தார்கள். கைபேசி அடிக்கவே இல்லை. கார்கள் வந்துகொண்டே இருந்தன. பெரும்பாலானவர்கள் கைபேசி காட்டிய வழியில்தான் வந்தார்கள். அதில் அதிசயம் ஒன்றும் இல்லை. ஆனால் பாகான் டாலாமிலிருந்து கிளம்பிய பேருந்தும் சொன்ன நேரத்துக்குள் வந்து நின்றது. ஓட்டுநர் ஸுல்கிஃப்லி இறங்கும்போது கையில் பத்திரிகை இருந்தது. மலாய்க்காரரான அவருக்குத் தமிழ் எழுத்து படிக்கத் தெரியாது, பேச மட்டும் கொஞ்சம் வரும்.

“அக்கா, இந்தப் படம் நல்லா இருக்குலா! கறி மூணு கலர்ல ஓடுது. இது நம்ம நாசி கண்டார் சோத்துக் கடை, தெரியாதா? அங்க இந்தப் பக்கம் திரும்புனேன்” என்று இடது கையைக் காட்டினார்.

பேருந்திலிருந்து இறங்கியவர்கள் அவளைச் சுற்றிக்கொண்டார்கள். வழி நெடுக இதே பேச்சாகத்தான் வந்திருப்பார்கள் போலிருந்தது. மணப்பெண்ணின் சித்தி சுபாஷினி பத்திரிகையை விசிறியாக வீசியபடி சொன்னாள்: “வட்டபுரின்னா நம்ம பிறை ஊரு ரவுண்டபோட்டு. எங்க வீட்டுக்காரர் அங்கதான் ஒரு தடவ விடியிற வரைக்கும் சுத்துனாரு. அங்க குடியிருக்கிறது எங்க குடும்பந்தான்!”

“பெட்டிமல தெரியாதா? போர்ட்டு கண்டெய்னரு” என்றார் பக்கிரிசாமி. அந்தத் துறைமுகத்திலேயே வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். “பாலத்துல போறப்ப காசு, வர்றப்ப ஓசி. கடலுக்குப் பேர மாத்துனா டோலு மாறிருமா மா?”

எல்லாரும் சிரித்தார்கள். நவோமியும் சிரித்தாள். ஒருவர்கூடத் தொலையவில்லை, வேலைக்கு ஆபத்தில்லை, நியாயமாக அவள் சந்தோஷப்பட வேண்டும். ஆனால் உள்ளே ஏதோ ஒன்று காற்றுப்போன பலூன் மாதிரி சுருங்கிக் கொண்டிருந்தது. சாலைகளை எல்லாம் அழித்துவிட்டுத்தானே வரைந்தாள்? அழித்த சாலைகள் கையிலேயே இருந்திருக்கின்றன. அரண்மனை என்று அவள் வைத்த இடத்தில்தான் இப்போது மேளம் அடித்துக்கொண்டிருந்தது. நாடு என்று எதையும் அவள் உண்டாக்கவில்லை. இருந்த ஊருக்கு வேஷம் போட்டிருக்கிறாள், அவ்வளவுதான்.

“சரி, இது என்னா மா?” பக்கிரிசாமி கண்ணாடியை ஏற்றிக்கொண்டு படத்தில் விரலை வைத்தார். “காலை நீட்டி உக்காந்துருக்கே?”

உட்காரும் குன்று.

“மண்டபத்துக்குப் பின்னால நிக்கிற கொடிமலையா இருக்கும்” என்றும் அவரே சொன்னார்.

“கொடிமலைதான் தொப்பி போட்டு மேல நிக்குதே பெரிப்பா” என்றது கூட்டத்தில் ஒரு குரல்.

“அப்ப முருகன் கோயில் இருக்கிற தண்ணிமல.”

“தண்ணிமல எங்க, இது எங்க? இது மாமியாரு மாதிரி உக்காந்துருக்கு.”

“உங்க மாமியாரா, எங்க மாமியாரா?”

ஸுல்கிஃப்லியைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். அவர் பத்திரிகையைத் தலைகீழாகக்கூடத் திருப்பிப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார். பந்தியில் உட்கார்ந்த பிறகும் அந்தப் பேச்சு ஓயவில்லை. ரசம் வரும் நேரத்தில் தயாளனே வந்து கேட்டார்: “சொல்லிரு மா. அது எங்க இருக்கு?”

“தெரியல அங்கிள்.”

“வரைஞ்சவளுக்கே தெரியலையா?”

“நெசமாவே தெரியல. சும்மா அங்க வந்து உக்காந்துருச்சு.”

தயாளன் தலையை ஆட்டிக்கொண்டே போனார். நவோமி ரசத்தைச் சோற்றில் பிசைந்தாள். இத்தனை பேர் தேடியும் கிடைக்கவில்லை. அப்படியானால் அந்த ஒன்று மட்டும் எங்கிருந்தும் எடுத்ததில்லை. மிளகாயைக் கடித்துவிட்டதுபோலக் கண் கலங்கியது. பக்கத்து இலைக்காரி தண்ணீர்க் குவளையை அவள் பக்கம் தள்ளி வைத்தாள்.

திங்கட்கிழமை குணாளன் உற்சாகமாக இருந்தார். தயாளனின் தம்பி தன் மகன் கல்யாணத்துக்கும் அதே படம் வேண்டும் என்று கேட்டிருந்தார். “பெருசா அடிச்சு கடையிலயும் மாட்டிருவோம். எது எந்த ஊருன்னு ஓரத்துல போட்டுரு. அந்தக் குன்னுக்கு மட்டும் ஊரு போடாத. அதுதான் சரக்கு! வர்றவன் எல்லாம் நின்னு தேடுவான்.”

நவோமி கோப்பைத் திறந்தாள். பெட்டிமலை, வட்டபுரி, ஒருவழிக் கடல் என்று ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் அதன் ஊரை எழுதினாள். உட்காரும் குன்றைத் தேடிப் பிடிக்கும் சரக்காகச் சுவரில் மாட்ட அவளுக்கு மனமில்லை; அதைத் தெரிவுசெய்து அழித்தாள். அது இருந்த இடத்தில் கடலை இழுத்து விட்டாள்.

அன்று மாலை இன்னொரு வேலை மிச்சம் இருந்தது. புக்கிட் மெர்தாஜாமிலேயே நடக்கும் மோகனா என்ற பெண்ணின் கல்யாணத்துக்குச் சாதாரண வழிப்படம். நேர்ச்சாலை, சமிக்ஞை விளக்கு, பெட்ரோல் நிலையம், மண்டபம். அச்சுக்கு அனுப்பும் முன் குணாளன் எட்டிப் பார்த்தார். பெட்ரோல் நிலையத்துக்கும் மண்டபத்துக்கும் நடுவே ஒரு சின்னக் குன்று காலை நீட்டி உட்கார்ந்திருந்தது.

“அங்க குன்னு ஒன்னும் இல்லையே?”

“யாரும் தொலைய மாட்டாங்கண்ணே. அனுப்புங்க” என்றாள் நவோமி. பையை எடுத்துக்கொண்டு ரயிலுக்குக் கிளம்பிப் போனாள்.

அதன் பிறகு அவள் வரைந்த கல்யாணப் பத்திரிகை எதிலும் அந்தக் குன்று இல்லாமல் இல்லை. கடைச் சுவரில் தொங்கும் பக்கந்தான் நாட்டில் மட்டும் அது இல்லை. ஏன் என்று குணாளன் பலமுறை கேட்டுவிட்டார். ஒவ்வொரு முறையும் அவள் அடுத்த பத்திரிகையைத் திறந்துகொள்வாள்.