கைப்பையில் இருந்த கண்நோய் எண்கள்

யுத்த காலத்தில் ஒரு கண் ஆஸ்பத்திரியில் கிளார்க்காக இருந்தேன். டொக்டர் எழுதும் ஒவ்வொரு நோய்க்கும் உரிய குறியீட்டு எண்ணைப் பதிவது என் வேலை. பக்கத்தில் பெயரும் இருந்தால் மனப்பாடமாகாது என்று, எண்களை மட்டும் ஒரு தாளில் எழுதிக் கைப்பையில் வைத்திருந்தேன்.

ஒரு மாலை கொழும்பு வெள்ளவத்தைச் சோதனைச்சாவடியில் அந்தத் தாள் ஆமிக்காரர் ஒருவரிடம் அகப்பட்டது. "மே மொனவத?" இதெல்லாம் என்ன என்று சிங்களத்தில் அதட்டினார். இரகசியச் செய்தி என்றே நினைத்துவிட்டார். அவர் விரல் வைத்த எண்களுக்கெல்லாம் தெரிந்த சிங்களத்தில் நோயைச் சொன்னேன்: கண் வறட்சி, கருவிழிப் புண். கடைசியாக, அவருடைய இடக்கண்ணில் வளர்ந்திருந்த சதைக்குரிய எண்ணை நானே காட்டினேன். அவர் கண்ணைத் தடவிக்கொண்டு, கிளினிக் எந்த நாள் என்று கேட்டார். பை திரும்பி வந்தது.

வீட்டில் கணவர், "இஞ்சேரப்பா, நோயின்ர பேரையும் எழுதியிருக்கலாமெல்லே?" என்றார்.

அன்றுமுதல் தொலைபேசி நம்பரைக்கூடப் பெயரில்லாமல் எழுதிக் கைப்பையில் வைப்பதில்லை.