இடது பக்கத்து சிக்னல்

அப்பா ரயில் இன்ஜின் ஓட்டி ரிட்டயரானவர். மெட்டுகுடா வீட்டு கம்ப்யூட்டரிலும் ரயில் ஓட்டும் கேம்தான் ஆடுவார். ஒரு மதியம், ஊரின் மறுகோடியில் கச்சிபௌலி ஆபீஸில் நான் மீட்டிங்குக்கு ஓடிக்கொண்டிருந்தபோது போன் செய்தார்.

"டேய், கேம் ஃபுல் ஸ்கிரீன்ல வரலடா. பாதிதான் தெரியுது."

எரிச்சலோடு என் லேப்டாப்பிலிருந்தே அவர் கம்ப்யூட்டருக்குள் நுழைந்து பார்த்தேன். ஃபுல் ஸ்கிரீனில்தான் இருந்தது. இருந்தாலும் கேமை மூடித் திறந்தேன், செட்டிங்கை மாற்றினேன்.

"இப்ப?"

"இல்லடா. இடது பக்கம் சிக்னலே காணோம்."

"எனக்கு எல்லாம் தெரியுதுப்பா! கண்ணாடியப் போட்டுட்டு ஒழுங்கா பாருங்க!" என்று கத்தினேன்.

என் திரையில் இடது பக்கம் சிக்னல் சிவப்பாக எரிந்தது. அப்பாவின் ரயில் நிற்காமல் அதைத் தாண்டிப் போனது. சர்வீஸ் முழுக்க ஒரு சிவப்பைக்கூடத் தாண்டாதவர் அவர்.

"அப்பா, சுவர்க் கடிகாரம் தெரியுதா?"

"அதுவும் பாதிதான்டா..." குரல் குழறியது.

கீழ்வீட்டு ஆன்ட்டிக்கு போன் போட்டேன். நான் டிராஃபிக்கில் துடித்துக்கொண்டிருக்க, அவரே அப்பாவை ஆட்டோவில் ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டார். மூளைக்குப் போகும் ரத்தக்குழாயில் அடைப்பு. சீக்கிரம் வந்ததால் தப்பித்தார் என்றார் டாக்டர்.

பார்வை மெல்லத் திரும்பிய பிறகு அப்பா கேட்டார்: "அன்னிக்கு நான் சிவப்பத் தாண்டிட்டேனாடா?"

"இல்லப்பா" என்றேன்.

அவர் முதல் தடவை 'பாதிதான் தெரியுது' என்றபோதே நான் நின்றிருக்க வேண்டும். அன்று சிவப்பைத் தாண்டியது நான்தான்.